சீனியின் வலது கண்

ஜூலை 1, திங்கள்

டாக்டரம்மா எழுதச் சொன்னதால் எழுதுகிறேன். மற்றபடி எனக்கு இந்தப் பழக்கம் கிடையாது. முப்பத்தொரு வருடம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஊரார் பேச்சைக் காதில் வாங்கியவள் நான். அதையெல்லாம் எழுதி வைத்திருந்தால் பாதிக் கோயம்புத்தூர் என்னோடு பேசாது.

எழுத வேண்டியது பூனையைப் பற்றி. என்ன மருந்து, எத்தனை மணிக்கு, கண் எப்படி இருக்கிறது, இவ்வளவுதான். பூனையின் பெயர் சீனி. சர்க்கரை வியாதிக்காரி இருக்கும் வீட்டில் இப்படிப் பெயர் வைத்த புண்ணியவதி என் மருமகள் தாரிணி. இரண்டு வருடத்துக்கு முன் கல்யாணமாகி வந்தபோது கட்டில், பீரோவோடு இதையும் கொண்டு வந்தாள். கட்டில் அப்போதே ஆட்டம் கண்டுவிட்டது. பூனை நன்றாகத்தான் இருந்தது, போன சனிக்கிழமை சாயங்காலம் வரை.

சனிக்கிழமை பூனை ஃபிரிட்ஜ் மேலிருந்து விழுந்துவிட்டது. நான் அப்போது என் ரூமில் சீரியல் பார்த்துக்கொண்டிருந்தேன். டிவி சத்தம் கொஞ்சம் அதிகம். வயசானால் காது மந்தம்தானே. ஞாயிற்றுக்கிழமை பார்த்தால் வலது கண் சிவந்து நீர் கொட்டுகிறது. கறுப்பு மணிக்கு முன்னால் ஒரு கண்ணாடிச் சில்லு நிற்பது போலிருந்தது. இன்று நானும் தாரிணியும் கூடையில் போட்டுத் தூக்கிக்கொண்டு போனோம்.

டாக்டர் பெயர் நஸ்ரின். பிராணிகளுக்குக் கண் மட்டும் பார்ப்பாராம். என் கண்புரைக்கு என்னை மூன்று மணி நேரம் பெஞ்சில் உட்கார வைத்தார்கள். பூனையை வாசலிலேயே வந்து வரவேற்றார்கள்.

"கண்ணுக்குள்ள லென்ஸ் இருக்கில்லீங்களா, அதைச் சுத்தி மெல்லிசா நூல் மாதிரி கட்டிப் பிடிச்சிருக்கும்," என்றார் டாக்டர். "அந்த நூலெல்லாம் அறுந்து, லென்ஸ் இடம் விட்டு முன்பக்கம் வந்து விழுந்திருச்சு. கண்ணுல ஊறுற தண்ணி வெளியே போற வழியை அடைக்குது. பிரஷர் ஏறிக்கிட்டே இருக்கு, வலி ரொம்ப இருக்கும். லென்ஸை எடுத்தாகணும். எப்படி ஆச்சு?"

"ஃபிரிட்ஜ் மேல இருந்து விழுந்துருச்சுங்க," என்றேன்.

"பூனையா? ஃபிரிட்ஜ் உயரத்துல இருந்தா?"

"தூக்கக் கலக்கமா இருந்திருக்கும்."

தாரிணி மேஜை மேலிருந்த பிளாஸ்டிக் கண்ணைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். டாக்டர் ஃபிரிட்ஜ் என்று எழுதிக்கொண்டார். ஆபரேஷன் வியாழக்கிழமை. அதுவரை பிரஷர் குறைக்கச் சொட்டு மருந்து.

என் மகன் நவநீதன் பம்ப்செட் கம்பெனியில் சேல்ஸ் மேனேஜர். ஒரே பிள்ளை. வெளியில் விசாரித்தால் அவனைப்போல் பொறுமைசாலி இல்லை என்பார்கள். "பூனைக்கெல்லாமா ஆபரேஷன் பண்றாங்க," என்று சிரித்தான். பிறகு போய்த் தாரிணிக்குப் பிடித்த ஜிலேபி வாங்கி வந்தான். இப்படி ஏதாவது ஆனால் ஸ்வீட் வாங்காமல் வரமாட்டான். தங்கமான பிள்ளை.

ஹாலில் காலண்டரை இடம் மாற்றி மாட்டினேன்.

ஜூலை 2, செவ்வாய்

சொட்டு: காலை ஆறு, மதியம் இரண்டு, ராத்திரி பத்து. மதியச் சொட்டு என் பொறுப்பு, தாரிணி கல்லூரி நூலகத்தில் இருப்பாள். பூனையைத் துண்டில் சுற்றி, இடுக்கிக்கொண்டு, இமையைத் தூக்கி ஒரு சொட்டு விட வேண்டும். படத்தில் காட்டியபடி அது சாந்தமாக உட்காரவில்லை. என் கையில் நாலு கோடு.

பக்கத்து வீட்டு பேபி வந்தாள்.

"ஏனுங்க்கா, காலண்டரை எதுக்கு இடுப்பு உயரத்துல மாட்டியிருக்கீங்க?"

"குனிஞ்சு கும்பிட்டா நாள் நல்லா இருக்குமாம்," என்றேன்.

அவள் தேதி கிழிக்கிற சாக்கில் காலண்டரைத் தூக்கிப் பார்த்தாள். பின்னால் சுவரில் காரை பெயர்ந்து ஒரு பள்ளம். ஆணி அடிக்கும்போது பெயர்ந்துவிட்டது என்றேன். பேபிக்குக் காபி என்றால் உயிர். இன்று குடிக்காமலே போய்விட்டாள்.

ஜூலை 3, புதன்

பூனை: என்னைப் பார்த்தாலே பீரோவுக்கு அடியில் போகிறது. மருமகள்: பேசவில்லை. மகன்: திருச்சி டூர். வீடு: அமைதி.

ஜூலை 4, வியாழன்

ஆபரேஷன் முடிந்தது.

காத்திருக்கும் இடத்தில் ஒரு டிவி. மைக்ராஸ்கோப்பில் தெரிவதை அப்படியே அதில் காட்டுகிறார்கள். யாருக்காக என்று தெரியவில்லை. பார்க்க வேண்டாம் என்று நினைத்துக்கொண்டே முழுவதையும் பார்த்தேன். கறுப்பு முழி வெள்ளையோடு சேரும் ஓரத்தில் வளைவாக ஒரு வெட்டு. உள்ளே ஏதோ பசை மாதிரி செலுத்தினார்கள். பிறகு பேனா போல ஒரு கருவி. அதன் நுனி உறைபனியாகக் குளிருமாம். அது தொட்டதும் லென்ஸ் ஒட்டிக்கொண்டது. டாக்டர் அவசரமே இல்லாமல் இழுக்க, உறை கிழியாமல் முழுசாக வெளியே வந்தது. வேகவைத்து உரித்த மொச்சைப் பருப்பு அளவு இருக்கும். அப்புறம் தலைமுடியைவிட மெல்லிய நூலால் தையல். எனக்கு ரவிக்கை தைக்கும் ஆள் இதை வந்து பார்க்க வேண்டும்.

கத்தி வந்தபோது தாரிணி என் கையைப் பிடித்துக்கொண்டாள். அந்த நேரத்தில் யாராக இருந்தாலும் எதையாவது பிடிப்பார்கள். பக்கத்தில் நான் இருந்தேன், அவ்வளவுதான். அவள் சுடிதார் கை மேலேறியது. மணிக்கட்டுக்கு மேலே மஞ்சளும் பச்சையுமாகச் சுற்றிலும் ஒரு தடம். வளையல் இறுக்கமாக இருந்திருக்கும்.

அவள் வளையல் போடுவதில்லை.

ஜூலை 6, சனி

இப்போது நாலு வகைச் சொட்டு. ஒன்றுக்கும் அடுத்ததற்கும் ஐந்து நிமிடம் இடைவெளி. குதிக்கக் கூடாது, ஓடக் கூடாது, கண்ணைத் தேய்க்கக் கூடாது. தேய்க்காமலிருக்கக் கழுத்தில் ஒரு பிளாஸ்டிக் புனல். புனலோடு நாற்காலியில் முட்டுகிறது, கதவில் முட்டுகிறது, முட்டிவிட்டு என்னை முறைக்கிறது. வீட்டைக் கட்டியதே நான் என்பது அதற்கும் தெரிந்திருக்கிறது.

நவநீதன் டூரிலிருந்து வந்தான். "எப்படி இருக்கார் உங்க விஐபி?" என்று குனிந்தான். பூனை புனலோடு பின்வாங்கி, சுவரில் இடித்து, நின்ற இடத்திலேயே மூத்திரம் பெய்துவிட்டது. ஆபரேஷனுக்குப் பிறகு இப்படி ஆகும் என்று டாக்டர் சொல்லவில்லை. நாளைக்குக் கேட்க வேண்டும்.

கேட்கப் போவதில்லை.

ஜூலை 8, திங்கள்

தாரிணி இன்று பேசினாள்.

"அத்தை, உங்க புருவத்து மேல அந்தத் தழும்பு எப்படி வந்துச்சு?"

"பீரோ கதவு இடிச்சுருச்சு அம்மிணி."

அவள் மேலே கேட்கவில்லை. கேட்கவே கேட்காமல் இருந்திருக்கலாம், எனக்கு மதியம் தூக்கம் வந்திருக்கும்.

தொண்ணூற்றாறில் அது. எக்ஸ்சேஞ்சில் எல்லோரிடமும் பீரோ கதவு என்றுதான் சொன்னேன். எங்கள் வீட்டுப் பீரோ அந்த ஒரு வருடத்தில் என்னை நாலு தடவை இடித்தது. சூப்பர்வைசர், "அந்தப் பீரோவை முதல்ல மாத்துங்கம்மா," என்றார். மாற்றியிருக்கலாம். பீரோவுக்கு அப்போது அரசாங்க உத்தியோகம், ஊரில் மரியாதை, எனக்குத் தாலி கட்டிய உரிமை எல்லாம் இருந்தது. பதினோரு வருடம் முன்பு மாரடைப்பில் போனது. மாலை போட்ட படம் ஹாலில் இருக்கிறது.

நவநீதனுக்கு அப்போது எட்டு வயசு. யார் கேட்டாலும், "அம்மா பீரோல இடிச்சுக்கிட்டாங்க," என்று தடுமாறாமல் சொல்வான். நான்தான் சொல்லிக்கொடுத்தேன். வாய்ப்பாடு மனப்பாடம் ஆக ஆறு மாதம் எடுத்துக்கொண்டவன், இதை ஒரே தடவையில் பிடித்துக்கொண்டான்.

மதியம் இரண்டு மணிச் சொட்டு இரண்டேகாலுக்குப் போட்டேன்.

ஜூலை 10, புதன்

செக்கப். பிரஷர் பதினெட்டு, இருபத்தைந்துக்குள் இருந்தால் நல்லதாம். தையல் நன்றாக இருக்கிறது. "நல்லாப் பாத்துக்கறீங்கம்மா," என்றார் டாக்டர். சம்பளமில்லாத நர்ஸுக்குப் பாராட்டுப் பத்திரம்.

ஜூலை 13, சனி

காலையில் கண் மறுபடி சிவந்திருந்தது. சோற்றைத் தொடவில்லை. மூலையில் முகத்தைச் சுவர் பக்கம் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. தாரிணி லீவு போட்டாள். நவநீதன் ஈரோடு டூரில் இருந்தான். ஆட்டோ பிடித்துப் போனோம்.

பிரஷர் நாற்பத்தொன்று. டாக்டர் இரண்டு முறை பார்த்தார். ஊசி போட்டு, சொட்டு விட்டு, ஒரு மணி நேரம் உட்கார வைத்தார். முப்பத்துநாலு ஆனது. பிறகு எங்களை உள்ளே கூப்பிட்டார்.

"இப்படியே போனா கண்ணையே எடுக்க வேண்டி வரும்," என்றார். "எனக்கு ஒண்ணு புரியலைம்மா. சும்மா ஃபிரிட்ஜ்ல இருந்து விழுந்து இப்படி லென்ஸ் கழண்டு வராது. அடி எதுவும் படலைன்னா, உள்ளுக்குள்ள ஏதோ நோய் ரொம்ப நாளா அந்த நூலை அரிச்சிருக்கணும். அப்போ இடது கண்ணும் இதே மாதிரி போகும். ரத்தம் எடுத்து நாலஞ்சு டெஸ்ட் பண்ணணும், அந்தக் கண்ணுக்கும் இப்பவே மருந்து ஆரம்பிக்கணும். பலமா அடிபட்டதுதான்னா வைத்தியம் வேற மாதிரி. உள்ளே என்ன கிழிஞ்சிருக்குன்னு அந்த வழியில தேடணும். அதனால நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

தாரிணி தரையைப் பார்த்தாள். யோசித்துப் பார்த்தால் இரண்டு வாரமாக அவளும் அந்த ஃபிரிட்ஜைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறாள். நான் முதலில் சொன்னேன், அவள் மறுக்கவில்லை. நர்ஸ் ரத்தம் எடுக்கச் சீனியின் முன்னங்காலில் முடியைச் சிரைக்க ஆரம்பித்தாள். அது கத்தக்கூட இல்லை.

"ஃபிரிட்ஜ் இல்லீங்க டாக்டர்," என்றேன். "என்ற மகன் ஸ்டீல் தண்ணி பாட்டிலை வீசினான். தண்ணி நிறைய இருந்த பாட்டில். சுவத்துல பட்டுத் திரும்பி இது மேல விழுந்துச்சு."

"பூனை மேல வீசினாரா?"

"இல்லீங்க. இவ மேல. இவ விலகிட்டா."

என் குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. இந்த மாதிரி விஷயத்தை இணைப்பு கொடுக்கிற குரலில் சொல்ல எனக்கு நல்ல பயிற்சி.

டாக்டர் நர்ஸை நிறுத்தச் சொல்லி வெளியே அனுப்பினார். எழுந்து கதவைச் சாத்தினார். தாரிணியிடம், "உங்களுக்கு அடிபட்டுச்சா?" என்றார்.

"இந்தத் தடவை இல்ல," என்றாள் தாரிணி.

மருந்தை மாற்றினார்கள். சீனி இரண்டு நாள் அங்கேயே இருக்கட்டும் என்றார்கள். டாக்டர் ஒரு சீட்டில் ஏதோ நம்பர் எழுதித் தாரிணியிடம் கொடுத்தார். அது பூனைக்கானது இல்லை என்று எனக்குத் தெரியும், நான் கேட்கவில்லை. ஆட்டோவில் காலிக் கூடையை அவள் மடியில் வைத்துக்கொண்டாள்.

ஜூலை 14, ஞாயிறு

நவநீதன் காலையில் வந்தான். தாரிணி சீனியைப் பார்க்கப் போயிருந்தாள். அவன் குளித்து, இட்லி சாப்பிட்டு முடிக்கும் வரை காத்திருந்தேன். கெட்ட சேதியை வெறும் வயிற்றில் சொல்லக் கூடாது என்ற அளவுக்கு நான் தாய்தான்.

"நவநீதா, நீ வேற இடம் பாத்துக்கோ."

"எதுக்கு?"

"இந்த வீட்ல நீ இருக்க வேண்டாம்."

சிரித்தான். "பூனைக்காக என்னை வெளியே அனுப்பறயா?"

"பாட்டிலைப் பூனைக்காக எறியலையே நீ."

"ஏதோ கோவத்துல. கையிலிருந்து நழுவிருச்சு. நீ ரூமுக்குள்ள இருந்த, உனக்கு என்ன தெரியும்?"

"எல்லாம் கேட்டுச்சு."

அவன் எழுந்து நின்றான். நாற்காலி முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். அப்படியே அவன் அப்பா. அதே நிற்பு, அதே கழுத்து நரம்பு. எனக்குப் பயமாக இருந்தது. அறுபத்துநாலு வயசில், என் வீட்டில், நான் பெற்ற பிள்ளையைப் பார்த்து. இதை எழுத வேண்டியதில்லை. எழுதிவிட்டேன்.

"பெரிய நியாயம் பேசறே," என்றான். "அப்பா உன்னை அடிச்சப்போ நீ என்ன பண்ணுனே?"

"பீரோ மேல பழி போட்டேன். உன்னையும் சொல்ல வெச்சேன்."

அவன் நாற்காலியை விட்டுவிட்டு, ஜன்னல் பக்கம் திரும்பினான். "எனக்கு அது பொய்யின்னு தெரியும்மா. எல்லாருக்கும் தெரியும்," என்றான். குரல் உடைந்திருந்தது. ஒரு நிமிடம் போய் அவன் தலையைத் தடவலாம் என்று வந்தது. தடவியிருந்தால் அவன் இங்கேயே இருந்திருப்பான். அதனால் தட்டைக் கழுவப் போய்விட்டேன்.

ஜூலை 17, புதன்

ஆடி ஒன்றாம் தேதி. எதையும் தொடங்கக் கூடாத நாளில் என் மகன் தனிக்குடித்தனம் போனான். கம்பெனி கெஸ்ட் ஹவுஸில் ரூம் கொடுத்திருக்கிறார்களாம். இரண்டு பெட்டியும் இஸ்திரிப் பெட்டியும் எடுத்துப்போனான். இஸ்திரிப் பெட்டி என்னுடையது. கேட்கவில்லை.

சீனி திங்கட்கிழமையே வீட்டுக்கு வந்துவிட்டது. பிரஷர் இருபத்திரண்டு. கண் தப்பிக்கும் என்கிறார் டாக்டர். இடது கண்ணுக்கு ஆபத்தில்லை.

ஜூலை 18, வியாழன்

தாரிணிக்குப் பிடிக்குமே என்று அரிசியும் பருப்பும் போட்டு, நெய் தாராளமாக விட்டுச் சாதம் செய்தேன். பெற்ற மகனையே வெளியே அனுப்பிய மாமியார். மாலை போடாவிட்டாலும் நாலு நல்ல வார்த்தை வரும் என்று எதிர்பார்த்தேன். மறைப்பானேன்.

சாப்பிட்டுக் கை கழுவி வந்து, "அத்தை, நான் சனிக்கிழமை கிளம்பறேன்," என்றாள். "பீளமேட்ல காலேஜ் பக்கத்துல ஒரு வீடு பாத்திருக்கேன்."

"அவன்தான் போயிட்டானே அம்மிணி."

"தெரியும்."

"அப்புறம் என்ன? இது உன் வீடுதான்."

அவள் சண்டைக்கு வரவில்லை. பக்கத்தில் உட்கார்ந்துதான் சொன்னாள். "ஒவ்வொரு தடவையும் உங்க ரூம்ல டிவி சத்தம் ஏறும் அத்தை. அதை வெச்சுத்தான் எனக்குத் தெரியும், நீங்க கேட்டுட்டு இருக்கீங்கன்னு. ரெண்டு வருஷம் அந்தச் சத்தம் குறையும் குறையும்னு பாத்தேன்."

"நான்தானே டாக்டர்கிட்ட சொன்னேன்."

"சொன்னீங்க. பூனையோட இன்னொரு கண்ணும் போயிரும்னு தெரிஞ்சப்புறம்."

இதற்கு என்னிடம் பதில் இருந்தது. எனக்கு எல்லாவற்றுக்கும் பதில் இருக்கும். வாய்வரை வந்ததை விழுங்கிவிட்டுச் சாப்பாட்டுப் பாத்திரத்தை எடுத்து உள்ளே வைத்தேன்.

ஜூலை 20, சனி

போய்விட்டாள். சீனியும் போனது. சொட்டு மருந்துகளை வரிசையாக ஒரு டப்பாவில் அடுக்கிக் கொடுத்தேன், மூடிகளின் மேல் ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்று எழுதி. "போய்ட்டு வர்றேன்," என்றாள். வர்றேன் என்பது எல்லோரும் சொல்வதுதான்.

ஜூலை 22, திங்கள்

மதியம் இரண்டு மணி. ஒன்றும் இல்லை.

ஜூலை 26, வெள்ளி

நவநீதன் போன் செய்தான். சாப்பிட்டாயா என்றான். சாப்பிட்டேன் என்றேன். தாரிணி எங்கே இருக்கிறாள் என்று கேட்டான். தெரியும், சொல்லமாட்டேன் என்றேன். உன் கோபத்தைப் பற்றி யாராவது டாக்டரிடம் போய்ப் பேசு என்றேன். வைத்துவிட்டான். பத்து நிமிடம் கழித்து மறுபடி கூப்பிட்டு, எந்த டாக்டர் என்று கேட்டான். எனக்குத் தெரிந்தது ஒரே டாக்டர், அவர் பூனைக்குப் பார்ப்பவர். விசாரித்துச் சொல்கிறேன் என்றேன். இன்று மாலை பேபி வீட்டுக்குப் போய் விசாரித்தேன். ஆணி கதையை விட்டுவிட்டு விசாரித்தேன். காபி கொடுத்தாள்.

ஜூலை 31, புதன்

தாரிணி கூப்பிட்டாள். சீனியின் பிரஷர் பதினாறு. பார்வை இருக்கிறதாம். லென்ஸ் இல்லாததால் கிட்டத்தில் இருப்பது ரொம்பவே கலங்கலாகத் தெரியுமாம்.

"அத்தை, நாளையிலிருந்து பத்து நாள் நூலகத்துல இன்ஸ்பெக்‌ஷன். மதியம் வீட்டுக்கு வர முடியாது. இன்னும் ஒரு சொட்டு மட்டும் இருக்கு, ரெண்டு மணிக்கு."

காத்திருந்தேன். அவளே கேட்கட்டும் என்று. என் குணம் அப்படி. அப்புறம் அவள் மூச்சு விடுவது கேட்டது.

"வரேன்," என்றேன்.

"சாவி எதிர் வீட்ல இருக்கும்."

ஆகஸ்ட் 1, வியாழன்

இரண்டு பஸ் மாறிப் போனேன். மாடி வீடு. எதிர் வீட்டுப் பெண் சாவியைக் கொடுக்குமுன் என்னை மேலும் கீழும் பார்த்தாள். நானாக இருந்தாலும் பார்ப்பேன்.

ஒரே ரூம். ஒரு பாய், ஒரு மேஜை, புத்தகங்கள். புனல் கழற்றியிருந்தது. சீனி ஜன்னல் திண்டில் இருந்தது. குரல் கேட்டதும் காதைத் திருப்பியது. கீழே உட்கார்ந்தேன். அது என் மடியைக் குறிவைத்துக் குதித்து, ஒரு முழம் தள்ளிப் பாயில் விழுந்தது. விழாதது போல எழுந்து, தடவிக்கொண்டே வந்து மடியில் ஏறியது. வலது கண்ணில் கருமணி கொஞ்சம் கோணலாக இருக்கிறது, மற்றபடி தெளிவு. துண்டு தேவைப்படவில்லை. ஒரே சொட்டு, ஒரே தடவையில். ஒரு மணி நேரம் எழுந்திருக்க விடவில்லை.

பூட்டிவிட்டுச் சாவியைத் திருப்பிக் கொடுத்தேன்.

"தாரிணிக்குச் சொந்தமா நீங்க?" என்றாள் எதிர் வீட்டுப் பெண்.

"அதை அவகிட்டத்தாங்க கேக்கணும்," என்றேன். "நாளைக்கும் ரெண்டு மணிக்கு வருவேன்."